விட்டுக்கொடுத்தலும் உடன்படுதலும்: மணவுறவைத் திறந்து பேசும் தொலைக்காட்சி நாடகங்களில் தமிழ் உரையாடல்

2018ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்களில் பி.பி.சி.யின் முதல் அலைவரிசையில் 'வாண்டர்லஸ்ட்' என்னும் ஆறு பகுதித் தொலைக்காட்சி நாடகம் ஒளிபரப்பாகத் தொடங்கியது. நிக் பெய்ன் தாம் முன்னர் எழுதிய மேடை நாடகத்தை விரித்து இதனை அமைத்தார். டோனி காலெட், ஸ்டீவன் மேக்கின்டாஷ் ஆகிய இருவரும் மனைவியாகவும் கணவனாகவும் நடித்தனர். மனைவி உளநல ஆலோசகர். கணவன் பள்ளி ஆசிரியர். வேட்கை வற்றிப்போன மணவாழ்வில் இருவரும் தனித்தனியே பிறரை நாடுகின்றனர். அதனை ஒருவருக்கொருவர் ஒளிக்காமல் சொல்லியும் விடுகின்றனர். அதன்பின் பிரிந்து போகாமல், மணவாழ்வைக் காத்துக்கொண்டே பிறரோடும் உறவு கொண்டு பார்ப்பதென உடன்படுகின்றனர்.

அதே திங்கள் 27ஆம் நாள், இந்திய உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு, ஜோசப் ஷைன் தொடுத்த வழக்கில், 1860ஆம் ஆண்டு இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 497ஆம் பிரிவு செல்லாது எனத் தீர்ப்பளித்தது. மனுதாரர் கேரளத்தவர். நாடகத்திற்கும் தீர்ப்பிற்கும் யாதொரு தொடர்பும் இல்லை. எனினும் இரண்டும் ஒரே வினாவை எழுப்பின. மணவுறவின் எல்லைக்கு வெளியே ஒருவர் செல்வதற்கு இசைவு தர வல்லவர் யார்? 497ஆம் பிரிவின்படி, பிறனொருவனின் மனைவியோடு உறவு கொண்டவன் குற்றவாளி. ஆனால் அக்கணவனின் இசைவோ உடந்தையோ இருப்பின் குற்றம் இல்லை. மனைவி தண்டனைக்கு உரியவள் அல்லள். தன் கணவன் வேறொருத்தியை நாடினால் முறையிடும் உரிமையும் அவளுக்கு இல்லை. இசைவு என்னும் சொல்வினையைச் செய்யும் தகுதியை அச்சட்டம் கணவனுக்கு மட்டுமே வழங்கியிருந்தது.

சட்டத்திலிருந்து அந்த ஒருபக்கச் சாய்வு நீங்கிவிட்டது. 2024 ஜூலை முதல் நாள் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவிலும் அக்குற்றம் மீண்டும் இடம்பெறவில்லை. மொழியிலிருந்து அது நீங்கியதா என்பது வேறு வினா. மணவுறவைத் திறந்து பேசும் நாடகங்கள் தமிழில் எழுதப்படும்போதும், பிறமொழியிலிருந்து தமிழுக்கு வரும்போதும், மனைவியின் உடன்பாடு மனைவியின் தியாகமாக உருமாறி விடுகிறது. இம்மாற்றம் பெரும்பாலும் கதையில் நிகழ்வதன்று. வினைச்சொல்லிலும் மூவிடப்பெயரிலும் நிகழ்வது. இக்கட்டுரை அதனை ஆராய முற்படுகிறது.

பெயரிடலின் இடர்

இத்தகைய உறவைக் குறிக்கத் தமிழ் உரையாடலில் பெரும்பாலும் 'ஓப்பன் ரிலேஷன்ஷிப்', 'ஓப்பன் மேரேஜ்' என்னும் ஒலிபெயர்ப்புகளே வழங்குகின்றன. கட்டுரைத் தமிழில் 'திறந்த உறவு', 'திறந்த திருமணம்' என்னும் கடன்மொழிபெயர்ப்புகளைக் காணலாம். இவை இலக்கணத்திற்கு முரணானவை அல்ல. ஆனால் 'திற' என்னும் வினையின் பெயரெச்சம் தமிழில் வெறுமையான அடை அன்று. திறந்த மனம் போற்றத்தக்கது. திறந்த வீடு என்றாலோ, கேட்பவர் செவியில் அடுத்து வந்து நுழைவது பழமொழியின் நாய். வீடு என்னும் உருவகத்தைத் தவிர்த்து மணத்தைப் பற்றிப் பேசுவது தமிழில் எளிதன்று. மனைவி, இல்லாள், வீட்டுக்காரர், குடித்தனம் ஆகிய யாவும் கட்டடத்திலிருந்தே பிறந்தவை. ஆகவே 'திறந்த திருமணம்' என்றவுடன் காவலற்ற வாசலே கண்முன் தோன்றுகிறது. 'திறந்தநிலை மணம்' எனச் சற்றுத் திருத்தியமைத்தால் அஞ்சல்வழிக் கல்வியின் சாயல் வந்துவிடுகிறது. கலைச்சொல் ஆக்குவோர் இவ்விடத்தில் சிரித்துவிட்டு மேலே செல்வதே நலம்.

ஏற்கெனவே உள்ள சொற்களின் பொருட்புலத்தை நோக்கினால் இடர் இன்னும் தெளிவாகும். வைப்பு, தொடுப்பு, சின்னவீடு, கூத்தியாள், சக்களத்தி, கள்ளக்காதல், கள்ளத்தொடர்பு, தகாத உறவு, முறையற்ற உறவு. இவற்றுள் முதல் ஐந்தும் பெண்ணைக் குறிப்பன. அவற்றிற்கு நேரான ஆண்பாற் சொற்கள் வழக்கில் இல்லை. சக்களத்திக்கு ஆண்பால் எது என வினவினால் தமிழர் எவரும் விடை கூறார். எஞ்சிய நான்கும் தீர்ப்பை அடையாகக் கொண்டவை. மலையாளச் செய்தி வழக்கில் உள்ள 'அவிஹிதம்' என்பதும் அத்தகையதே. விதிக்கப்படாதது என்னும் எதிர்மறையே அங்குப் பெயராகிவிட்டது. அண்மைக் காலத்தில் பரவிவரும் 'திருமணம் தாண்டிய உறவு' என்பது மட்டுமே தீர்ப்பைச் சற்றுத் தள்ளி வைக்கிறது. ஆயினும் 'தாண்டிய' என்பதில் கோடு இருக்கிறது. கணவனும் மனைவியும் கூடிப் பேசிக் கோட்டையே வேறிடத்தில் வரைந்துகொண்ட நிலைக்கு அச்சொல் பொருந்தாது.

இங்கு ஒரு பொருள்மாற்றம் நோக்கத்தக்கது. தொல்காப்பியத்தில் களவு என்பது ஒத்த அன்பினர் பிறர் அறியாமல் கூடும் மணமுன் ஒழுக்கம். கற்பாக மலர வேண்டிய மதிப்புடைய நிலை. அதே 'கள்' அடியிலிருந்து வந்த 'கள்ள' என்னும் அடை இன்று நாளிதழின் குற்றச்செய்திப் பக்கத்திற்கு உரியது. இலக்கணத்தில் களவின் எதிர்ச்சொல் கற்பு. இன்றைய வழக்கில் கள்ளத்தின் எதிர்ச்சொல் சட்டபூர்வம். மறைவு என்னும் பொருட்கூறு மட்டும் இரண்டிற்கும் பொது. மறைக்காமல் செய்யப்படும் ஒன்றை இவ்வடியிலிருந்து பிறந்த எச்சொல்லாலும் குறிக்க இயலாது. மறைவின்மையே திறந்த மணவுறவின் உயிர்நிலை ஆதலின், தமிழின் பெருவழக்கான சொல் அதனைத் தொடங்கும்போதே பொய்யாக்கி விடுகிறது.

விட்டுக்கொடு என்னும் வினை

பெயர் இல்லாவிடினும் நாடகம் நடைபெறும்; நாடகத்திற்கு வேண்டியது வினை. தமிழ்த் திரையில் இச்சூழலைத் தாங்கி வந்த வினை 'விட்டுக்கொடு' என்பது.

கே. பாலசந்தரின் 'சிந்து பைரவி' (1985) இதற்குச் சிறந்த சான்று. இசைக்கலைஞனாகிய கணவன், அவன் இசையைச் சுவைக்க அறியாத மனைவி பைரவி, அறிந்த சிந்து. பைரவி தானே முன்வந்து சிந்துவைத் தன் கணவனுக்கு மணம் செய்து வைக்க முனைகிறாள். சிந்துவோ தன் குழந்தையைப் பைரவியிடம் ஒப்படைத்துவிட்டு விலகிச் செல்கிறாள். இருவரும் மாறிமாறி விட்டுக்கொடுக்கின்றனர். கணவன் எதனையும் விட்டுக்கொடுப்பதில்லை; அவன் கொடுக்கப்படும் பொருளாக நிற்கிறான். இலக்கண நோக்கில் இதனை இவ்வாறு கூறலாம்: 'விட்டுக்கொடு' என்பது எழுவாயாகப் பெண்ணையும், செயப்படுபொருளாகக் கணவனையும், நான்காம் வேற்றுமையில் மற்றொரு பெண்ணையும் ஏற்கும் மூவுறுப்பு வினை. அவ்வாய்பாட்டுக்குள் ஒப்பந்தம் என்பது அடங்காது. ஒப்பந்தத்திற்கு இரண்டு எழுவாய்கள் தேவை.

இவ்வினைக்கு மற்றொரு பொருளும் உண்டு. 'யார் என்ன சொன்னாலும் அவள் கணவனை விட்டுக்கொடுக்க மாட்டாள்' என்னும் தொடரில் அது காட்டிக்கொடுத்தலுக்கு அணுக்கமான பொருளைத் தருகிறது. விட்டுக்கொடாமை அங்கே அறம். 'கொஞ்சம் விட்டுக்கொடுத்துப் போ' என்னும்போது விட்டுக்கொடுத்தலே அறம். ஒரே வினை உடன்பாட்டிலும் எதிர்மறையிலும் மனைவியின் நற்பண்பாகவே நிற்கும் அமைப்பை மொழிபெயர்ப்பாளர் கவனிக்க வேண்டும். கணவன் பிறளை நாடும் சூழலில் மனைவி எதனைச் செய்தாலும், அவ்வினையின் இரு முனைகளுள் ஒன்று அவளைப் புகழ ஆயத்தமாக இருக்கிறது. அவள் தனக்காக ஒன்றை விரும்பினாள் என்பதை மட்டும் அவ்வினையால் சொல்ல இயலாது.

2023 மே மாதம் பிரைம் வீடியோ தளத்தில் வெளியான 'மாடர்ன் லவ் சென்னை' தொடரில் பாரதிராஜா இயக்கிய 'பறவைக் கூட்டில் வாழும் மான்கள்' என்னும் பகுதி, 'சிந்து பைரவி'க்கு ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் பிற்பட்டது. கணவன் தனக்கு வேறொரு பெண்ணின் மேல் எழுந்த காதலை மனைவியிடம் மறைக்காமல் சொல்கிறான். கூச்சலும் சாபமும் இல்லை; மனைவி அப்பெண்ணை வீட்டுக்கு வரவழைத்துப் பேசுகிறாள். தமிழ்த் தொலைக்காட்சித் தொடர்களின் வழக்கமான ஓசைக்குப் பழகிய செவிக்கு இவ்வமைதி பெரும் விடுதலை என்பதில் ஐயமில்லை. மூவர் ஓரறையில் அமர்ந்து பேச இயலும் என்பதையே இப்பகுதி புதிதாக நிறுவுகிறது. ஆயினும் அவ்வமைதி எவருடைய கணக்கில் எழுதப்படுகிறது என நோக்கினால், பழைய வாய்பாடு கலையவில்லை என்பது புலப்படும். கணவன் தெரிவிக்கிறான், மனைவி பெருந்தன்மை காட்டுகிறாள். நாடகத்தின் எடை முழுவதும் அப்பெருந்தன்மையின் மேல் சுமத்தப்பட்டுள்ளது. அவளும் ஒருவரை விரும்பக் கூடும் என்னும் வினா அவ்வறையில் எழுவதேயில்லை. 'வாண்டர்லஸ்ட்' நாடகத்தின் முதற்பகுதியே அவ்வினாவோடுதான் தொடங்குகிறது என்பது ஒப்பிடத்தக்கது. தமிழ்ப் பகுதி நாகரிகமானது. ஆனால் 'விட்டுக்கொடு' என்னும் வினையின் நாகரிகமான புதிய பதிப்பு அது.

இதன் மறுபுறத்தையும் குறிப்பிட வேண்டும். 'ஸ்ரீமோயி' என்னும் வங்காளத் தொடரிலிருந்து 2020ஆம் ஆண்டில் விஜய் தொலைக்காட்சியில் 'பாக்கியலட்சுமி'யும், ஏசியாநெட்டில் மலையாளத்தில் 'குடும்பவிளக்கு'ம் உருவாயின. கணவனின் வேறோர் உறவை அறிந்த மனைவி விட்டுக்கொடுக்க மறுத்துத் தனியே எழுந்து நிற்பதே அவற்றின் ஈர்ப்பு. விட்டுக்கொடுத்தலுக்கு மறுப்பு வந்துவிட்டது. உடன்படுதலுக்கு இன்னும் உரையாடல் எழுதப்படவில்லை.

'சம்மதம்' என்னும் சொல் இருக்கிறதே எனக் கேட்கலாம். இருக்கிறது, ஆனால் அதற்கு ஓர் இடநினைவு உண்டு. 'உனக்குச் சம்மதமா?' என்பது பெண்பார்க்கும் கூடத்தில் மூத்தோர் பெண்ணை நோக்கி ஒருமுறை கேட்கும் வினா. தலையசைவே விடையாகக் கொள்ளப்படும். அமைப்பிலும் அது நான்காம் வேற்றுமைத் தொடர். 'எனக்குப் பசி', 'எனக்குத் தலைவலி' என்பன போலச் சம்மதம் என்பது எழுவாய் செய்யும் செயலாக அன்றி, அவருக்கு நேரும் நிலையாக நிற்கிறது. 'நான் சம்மதிக்கிறேன்' என்றாலோ பதிவாளர் அலுவலகத்தின் மணம் வீசும். திறந்த மணவுறவில் இசைவு ஒருமுறை பெற்று முடிவதன்று. மீண்டும் மீண்டும் கேட்கப்படுவது, மாற்றிக்கொள்ளப்படுவது, பின்வாங்கப்படுவது. 'வாண்டர்லஸ்ட்' நாடகத்தின் ஐந்தாம் பகுதி ஏறத்தாழ முழுவதும் மனைவிக்கும் அவளுடைய ஆலோசகருக்கும் இடையே ஓரறையில் நிகழும் ஒரே உரையாடலாக அமைந்தமைக்குக் காரணம் இதுவே. இசைவு என்பது அங்கே நிகழ்ந்து முடிந்த செய்தியன்று. நீண்டு செல்லும் பேச்சு. அப்பகுதியைத் தமிழ்ப்படுத்துவோர் 'சம்மதம்' என்னும் சொல்லை எத்தனைமுறை பயன்படுத்தினாலும் கூடத்து நாற்காலிகள் வந்து சூழ்ந்துகொள்ளும். இன்றைய பேச்சு வழக்கில் 'எனக்கு ஓகே' என்பது பரவியிருப்பதை வெறும் மோகம் எனத் தள்ளுவதற்கில்லை. கூடத்து நினைவு இல்லாத ஒரு சொல் தேவைப்பட்டது. அது வெளியிலிருந்து வந்தது.

கொச்சியின் சான்று

ஒரு மொழிச் சமூகத்தின் சொற்களை அம்மொழிக்குள்ளேயே நின்று நோக்கினால், அவை இயற்கையானவை போலத் தோன்றும். தமிழும் மலையாளமும் ஒரே தெருவில் புழங்கும் இடங்கள் அத்தோற்றத்தைக் கலைக்க உதவுவன. மட்டாஞ்சேரியிலிருந்து தெற்கே பள்ளுருத்தி, இடக்கொச்சி வரை நீளும் மேலைக் கொச்சிப் பகுதி அத்தகையது. கொங்கணியும் குஜராத்தியும் மலையாளமும் வழங்கும் இங்குத் தமிழ்க் குடும்பங்களும் தலைமுறைகளாக வாழ்கின்றன. கோட்டைக் கொச்சியின் வண்ணார் குடியிருப்பும் தமிழ்ப் பிராமணர் குடியிருப்புகளும் அறியப்பட்டவை. இத்தகைய வீடுகளில் தொலைக்காட்சி இருமொழியிலும் பேசும். 'சம்பந்தம் பேச வந்திருக்கிறார்கள்' என்னும் தமிழ்த் தொடரை ஒரு மலையாளி மூதாட்டி கேட்டால் அவர் செவியில் விழும் பொருள், பேசியவர் கருதிய பொருளன்று.

தமிழில் சம்பந்தம் என்பது இரு குடும்பங்களின் மணத்தொடர்பு. அதன்வழிப் பெற்றோர் சம்பந்திகள் ஆகின்றனர். மருமக்கள்தாய முறை நிலவிய கேரளத்தில் சம்பந்தம் என்பது ஆண் பெண்ணின் தறவாட்டிற்கு வந்துபோகும் உறவு. புடவை கொடுத்தல் என்னும் எளிய சடங்கோடு தொடங்கும்; எளிதில் முடியவும் கூடும். ஒரு பெண்ணுக்கு ஒரே காலத்தில் ஒன்றுக்கு மேற்பட்ட சம்பந்தங்கள் பண்டு இருந்தமை பற்றி மானிடவியலார் விரிவாக எழுதியுள்ளனர். காத்லீன் கஃப் 1959இல் நாயர் வழக்கத்தை முன்னிறுத்தியே திருமணம் என்பதன் வரையறையை மீள்நோக்கினார். கொச்சி அரச குடும்பமாகிய பெரும்படப்பு சொரூபமும் தாய்வழி மரபினதே.

மொழியியலாருக்கு இங்குச் சுவை தருவது வினைகள். மலையாளத்தில் சம்பந்தம் 'கூடுக', 'ஒழியுக' என்னும் வினைகளை ஏற்றது. தமிழில் தாலி 'கட்டு', 'அறு' என்னும் வினைகளை ஏற்கிறது. கூடியது ஒழியலாம்; கட்டியது அறுபட வேண்டும். முதலிணையில் முடிவு என்பது வன்முறையன்று. இரண்டாமிணையில் முடிவு என்பது அறுவை. பிரிதலைத் தீர்ப்பின்றிச் சொல்லும் வினை ஒரு திராவிட மொழியில் வாழ்ந்திருக்கிறது என்பதற்கு இது சான்று.

ஆனால் இச்சான்றைக் கொண்டு பொற்காலம் ஒன்றைக் கட்டியெழுப்புவது பிழை. அவ்வினையின் எழுவாய் யார் என நோக்க வேண்டும். சம்பந்தம் கூடுபவன் ஆண். பெண்ணின் சார்பில் இசைவு தந்தவன் பெரும்பாலும் காரணவன், அதாவது அவளுடைய தாய்மாமன் நிலையிலுள்ள குடும்பத் தலைவன். ஓ. சந்துமேனோனின் 'இந்துலேகா' (1889) நாவலின் முடிச்சே இதுதான். சூரி நம்பூதிரிப்பாடு சம்பந்தம் நாடி வருகிறார், காரணவர் உவக்கிறார், இந்துலேகா மறுக்கிறாள். இசைவுக்குரிய எழுவாயாகப் பெண் தன்னை நிறுவிக்கொள்வதே அந்நாவலின் செய்தி. இதில் ஒரு முரண் உண்டு. 1891இல் சர் டி. முத்துசாமி ஐயர் தலைமையில் அமைந்த மலபார்த் திருமண ஆணையத்தில் உறுப்பினராக இருந்த அதே சந்துமேனோன், சம்பந்தம் திருமணமே எனத் தனிக்குறிப்பில் வாதிட்டார். 1896இல் மலபார்த் திருமணச் சட்டம் வந்தது. அதன்கீழ்ப் பதிவு செய்துகொண்டோர் மிகச் சிலரே. கொச்சி அரசில் 1920இல் நாயர் சட்டம் வந்தது. இவ்வாறு படிப்படியாகச் சம்பந்தம் பதிவுத் திருமணத்திற்குள் கரைந்தது. சொல் எஞ்சியது, பொருள் வரலாறாகியது.

கொச்சி நாட்டின் மற்றொரு நிகழ்ச்சியை இங்குச் சொல்லாமல் விட இயலாது. சம்பந்தம் நாடி வெளியே சென்ற நம்பூதிரி ஆண்களின் இல்லங்களுக்குள் நம்பூதிரிப் பெண்கள் அடைபட்டிருந்தனர். 1905இல் குறியேடத்துத் தாத்ரி என்னும் அந்தர்ஜனத்தின் மேல் ஸ்மார்த்தவிசாரம் நடைபெற்றது. அவர் அறுபதுக்கும் மேற்பட்ட ஆண்களைச் சான்றுகளோடு சுட்டினார். அவ்விசாரணை முறையில் குற்றம் சாட்டப்பட்ட பெண்ணைக் குறிக்கும் சொல் 'சாதனம்' என்பது, பொருள், பண்டம். பெண்பால் விகுதி நீங்கி அஃறிணையாகி விடுகிறாள். தாத்ரி அந்த அஃறிணைப் பெயரின் உள்ளிருந்தே பேசி, பேசியவர்களின் பட்டியலைத் தலைகீழாக்கினார். ஹரிஹரன் இயக்கத்தில் எம்.டி. வாசுதேவன் நாயர் எழுதிய 'பரிணயம்' (1994) இச்சூழலைத் தழுவி எழுந்தது. ஒருபக்கத்து ஆண்களுக்குத் திறந்தும், மறுபக்கத்துப் பெண்களுக்கு அடைத்தும் இருந்த அமைப்பைத் திறந்த உறவு என அழைப்பது எத்துணைப் பொருந்தாது என்பதை அந்த ஒரு சொல்லே காட்டும்.

ஆக, கொச்சியின் சான்று தருவது முன்மாதிரி அன்று, ஓர் அளவுகோல். ஓர் உறவு எத்தனை பேரை ஏற்கிறது என்பதன்று வினா. 'உடன்படு' என்னும் வினைக்கு எத்தனை எழுவாய்கள் என்பதே வினா.

ஒருத்தர், ஒராள், நாம், நாங்கள்

ஏ.ஆர். ராஜராஜவர்மா 'கேரளபாணினீயம்' நூலில் மலையாளத்தைத் தமிழிலிருந்து வேறுபடுத்தும் ஆறு நயங்களுள் ஒன்றாகப் 'புருஷபேத நிராச'த்தைக் கூறினார். வினைமுற்று இடத்தையும் பாலையும் காட்டும் விகுதியை இழந்துவிட்டமையே அது. அந்நூலும் மலபார்த் திருமணச் சட்டமும் ஒரே ஆண்டில், 1896இல், வெளிவந்தமை தற்செயல். எனினும் நமது பொருளுக்கு அந்நயம் வேண்டியதே. மலையாளத்தில் 'ஒராள் வந்நு' என்றால் வந்தவர் ஆணா பெண்ணா என்பது தெரியாது. மதிக்கத்தக்கவரா என்பதும் தெரியாது. தமிழில் வந்தான், வந்தாள், வந்தார் என்னும் மூன்றுள் ஒன்றைத் தெரிந்தெடுத்தே ஆக வேண்டும்.

ஒருவர் தம் துணையிடம் தமக்குப் பிறர்மேல் விருப்பம் உண்டு எனச் சொல்லும் காட்சி, இவ்வகை நாடகங்கள் அனைத்திற்கும் தலைவாயில். ஆங்கிலம் அவ்விடத்தில் 'யாரோ ஒருவர்' என்னும் பொருள்படப் பேசித் தப்பித்துக்கொள்ளும். மலையாளம் 'ஒராள்' எனத் தப்பித்துக்கொள்ளும். தமிழில் பாலை மறைக்க ஒரே வழி மதிப்புப் பன்மை. 'ஒருத்தரைப் பார்த்தேன்' என்றால் பால் மறைகிறது. ஆனால் மதிப்பு ஏறிவிடுகிறது. கணவன் 'ஒருத்தரைப் பிடித்திருக்கிறது' என்கிறான். மனைவி 'யாரவள்?' எனக் கேட்கிறாள். அவ்வினாவில் பால் வெளிப்பட்டது மட்டுமன்றி மதிப்பும் இறங்கிவிட்டது. 'ஒருத்தர்' என்பதை 'ஒருத்தி' ஆக்குவது அவளுடைய முதல் எதிர்வினை. 'யார் அவங்க?' எனக் கேட்டிருந்தால் உரையாடல் வேறு திசையில் சென்றிருக்கும். கணவனின் கூற்றை ஆண்டான் மதிப்போடும் மனைவியின் வினாவை அவமதிப்போடும் எழுதும் வழக்கம், மூலத்தில் இல்லாத பகையை விகுதி வழியாக உள்ளே கொண்டுவருகிறது. துணையெழுத்து எழுதுவோர் ஒரு வரியின் நீளத்திற்காக 'அவங்க' என்பதை 'அவ' எனச் சுருக்குவது உண்டு. சுருங்குவது எழுத்து மட்டுமன்று.

கணவன் மனைவி தம்முள் அழைத்துக்கொள்ளும் முறை இதனோடு இணைந்தது. மனைவி 'நீங்க' எனவும் கணவன் 'நீ' எனவும் பேசும் இணையரிடையே எழும் உடன்பாடு, விகுதியின் ஏற்றத்தாழ்வாலேயே அனுமதி போலத் தொனிக்கும். 'நீங்க வேணும்னா போங்க' என்பது பணிவு. 'நீ வேணும்னா போ' என்று கணவன் சொன்னால் அது ஆணை, அல்லது துரத்தல். இரண்டும் ஒரே பொருளைத் தரும் ஆங்கிலத் தொடரின் மொழிபெயர்ப்புகளாக இருக்கக் கூடும். நகரத்து இளைய இணையர் பலர் இருபுறமும் 'நீ' என வழங்குவதால், இத்தகைய நாடகம் இயல்பாக ஒலிக்கத்தக்க தமிழ் அவர்களுடையதே. நடுவயது இணையரை அவ்வாறு பேச வைத்தால் செயற்கையாகும். 'நீங்க' எனப் பேச வைத்தால் சமன் குலையும். 'வாண்டர்லஸ்ட்' இணையர் மூன்று பிள்ளைகளின் பெற்றோர் என்பதை நினைவிற் கொண்டால், மொழிபெயர்ப்பாளரின் இக்கட்டு விளங்கும். விளியையும் முன்னிலைப் பெயரையும் இயன்றவரை விட்டுவிட்டு, 'போகலாம்', 'சொல்லலாம்', 'பார்க்கலாமா' எனப் பொதுவினைகளில் உரையாடலை நகர்த்துவது ஓரளவு உதவும். தமிழ் எழுவாயை விட்டுப் பேச இடந்தரும் மொழி. அந்த இடம் இங்கே பயன்படட்டும்.

தமிழ் இழப்பதை மட்டுமே கூறுவது முறையன்று. ஆங்கிலத்திற்கு இல்லாத ஒரு கருவி தமிழிடம் உண்டு: தன்மைப் பன்மையில் முன்னிலையாரை உளப்படுத்தலும் உளப்படுத்தாமையும். மலையாளத்தில் நம்மள், ஞங்ஙள் என இவ்வேறுபாடு வாழ்கிறது. இன்றைய கன்னடம் இதனை இழந்துவிட்டது. மனைவியும் கணவனும் மூன்றாமவரும் ஓரறையில் அமர்ந்திருக்கும் காட்சியில் ஆங்கிலத் தன்மைப் பன்மை யாரை உள்ளடக்குகிறது என்பது தெளிவற்று நிற்கும். நடிப்பவர் பார்வைதான் அதனைத் தீர்க்க வேண்டும். தமிழில் ஒவ்வொரு தொடரும் எல்லையை வரைந்தே தீரும். மனைவி மற்றவளை நோக்கி 'நாங்க பேசிட்டோம்' என்றால் கதவு சாத்தப்பட்டது. 'நாம பேசலாம்' என்றால் திறந்தது.

சங்க அகப்பாடல்களின் துறைக்குறிப்புகளில் 'வாயில் மறுத்தல்', 'வாயில் நேர்தல்' என்னும் இரு வழக்குகள் உள. பரத்தையிற் பிரிந்த தலைவன் பாணன், விறலி முதலிய வாயில்களை விடுத்துத் திரும்ப நுழைய முயலும்போது தலைவி மறுப்பது முன்னது, இசைவது பின்னது. அங்கு நேர்தல் என்பது தலைவியின் செயல்; அவளே எழுவாய். தலைவனின் பிரிவுக்கு அவள் இசைவு கேட்கப்படவில்லை, திரும்புதலுக்கு மட்டுமே கேட்கப்பட்டது என்னும் குறை மருதத்திணையின் குறை. ஆனால் மறுக்கவும் நேரவும் வல்ல பெண்ணுக்கு இலக்கண ஆசிரியரும் உரைகாரரும் வினைச்சொல் வைத்திருந்தனர். 'விட்டுக்கொடு' என்னும் பிற்கால வினை அவ்விரண்டின் இடத்தையும் தான் எடுத்துக்கொண்டது. 'நேர்' என்பதை இன்றைய உரையாடலுக்கு மீட்டுவர இயலாது. உரையாசிரியர் தமிழில் எந்த மனைவியும் பேசமாட்டாள். மீட்கத்தக்கது அதன் எழுவாய் அமைப்பு. 'நீங்க சந்தோஷமா இருந்தா சரி' என மனைவி சொல்வதாக எழுதப்படும் வரியை 'எனக்கு இது வேணும்' எனத் தொடங்கும் வரியாக மாற்றிப் பார்க்கலாம்; முன்னதில் அவள் இல்லை.

இறுதியாக ஒரு தொடர். தமிழ்ப் பெண்கள் தம் கணவரைப் பிறரிடம் 'எங்க வீட்டுக்காரர்' என்பர். பேசுபவள் ஒருத்தியே ஆயினும் பெயர் பன்மை. அதுவும் கேட்பவரை உளப்படுத்தாப் பன்மை. விருந்தினரை 'நம்ம வீட்டுக்கு வாங்க' என மகிழ்ந்து அழைப்பவளும், 'நம்ம வீட்டுக்காரர்' எனக் கேட்பவளை உளப்படுத்திச் சொல்வதில்லை. வீட்டைப் பகிரலாம், வீட்டுக்காரரைப் பகிர இலக்கணம் இடந்தராது. திறந்த மணவுறவைப் பற்றிய தமிழ் நாடகம் ஒன்று எழுதப்படுமாயின், மற்றவள் வாசலில் நிற்கும்போது மனைவி 'எங்க' என்பாளா 'நம்ம' என்பாளா, அல்லது அவ்விரண்டையும் தவிர்த்துப் பெயரைச் சொல்லி 'ரவி உள்ளே இருக்கான்' என்பாளா என்பதை எழுதுவோர் அந்த வரியிலேயே தெரிந்தெடுக்க வேண்டியிருக்கும்.